கோர்லா பண்டிட் – கடிதம்

அன்புள்ள ஐயா,

1949-இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் தலைப்பாகை அணிந்து ஆர்கன் வாசித்த கோர்லா பண்டிட்டின் காணொளியைப் பார்த்தேன். டெல்லியில் பிறந்த பிராமணர் என்று படித்துப் பெருமிதத்துடன் நண்பர்களுக்கெல்லாம் அனுப்பினேன். பிறகுதான் அவர் இந்தியரே அல்ல, மிசௌரி மாநிலத்துக் கறுப்பினத்தவர் என்று தெரிந்தது. நம் பண்பாட்டை வைத்து இப்படி ஒரு மோசடியா? அவருடைய மௌனத்தை யோகம் என்றல்லவா நினைத்தேன்! அப்படியானால் அமெரிக்கத் தொலைக்காட்சியில் தோன்றிய முதல் இந்தியக் கலைஞர் யார்?

ஆர்., திருச்சி

அன்புள்ள ஆர்.,

முதல் இந்தியர் யார் என்ற ஆராய்ச்சியில் எனக்கு ஆர்வமில்லை. அந்தப் பழைய பதிவுகளைச் சில காலமாகப் பார்த்துக்கொண்டிருப்பதால்தான் உங்களுக்குப் பதில் எழுதுகிறேன். பிடித்த ஒன்றைப் பார்த்தவுடன் நாலு பேருக்கு அனுப்பத் தோன்றுகிறதே, அந்த மனம் நல்ல மனம். ஆனால் உங்கள் கடிதத்தில் பெருமிதம் இருக்கிறது, கோபம் இருக்கிறது, வாசிப்பைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. டெல்லி பிராமணர் என்றபோது இனித்த இசை, கறுப்பர் என்றதும் கசந்துவிட்டதென்றால் நீங்கள் கேட்டது இசையை அல்ல, சாதியை.

கோர்லா பண்டிட்டின் உண்மைப் பெயர் ஜான் ரோலண்ட் ரெட்; 1921-இல் செயின்ட் லூயிஸ் நகரில் ஒரு பாப்டிஸ்ட் கிறிஸ்தவப் போதகரின் மகனாகப் பிறந்தவர். அவர் பிழைப்புத் தேடி வந்தபோது லாஸ் ஏஞ்சலஸில் இசைக்கலைஞர்களுக்கு இரண்டு சங்கங்கள் இருந்தன: வெள்ளையருக்கு 47-ஆம் கிளை, கறுப்பருக்கு 767-ஆம் கிளை. ஸ்டூடியோ வேலையும் வானொலி வேலையும் பெரும்பாலும் முதல் சங்கத்தாருக்கே போயின; 1953-இல்தான் இரண்டும் ஒன்றாயின. எனவே அவர் முதலில் ஹுவான் ரோலண்டோ என்ற பெயரில் மெக்சிகோக்காரர் போல வாசித்தார்; இந்திய வேடம் பிறகு வந்தது. டிஸ்னி நிறுவனத்தில் ஓவியராக இருந்த வெள்ளைக்காரப் பெண்ணை 1944-இல் மணக்க விரும்பியபோது கலிபோர்னியச் சட்டம் அதற்கு இடம் தராததால், எல்லை தாண்டி மெக்சிகோவின் திஹுவானாவுக்குப் போய் மணந்துகொண்டார். இத்தனை கதவுகளையும் சாத்தி வைத்தவர்களை விட்டுவிட்டு, திறந்த ஒரே கதவின் வழியாக நுழைந்தவரை மோசடிக்காரர் என்கிறீர்கள். 1947-இல் ஜெஸ்ஸி ரூட்டே என்ற கறுப்பினப் போதகர் தலைப்பாகை கட்டிக்கொண்டு அலபாமாவுக்குப் போனபோது, முன்பு அவரை இழிவாக நடத்திய அதே ஊர் பெரிய மனிதராக மதித்து வரவேற்றது. கோபம் வரவேண்டுமென்றால் அந்த ஊரின் மேல் வரட்டும்.

மௌனத்தைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். லாஸ் ஏஞ்சலஸின் கே.டி.எல்.ஏ. தொலைக்காட்சி நிலையத்தில் ஏறத்தாழ 900 நிகழ்ச்சிகளில் அவர் வாய் திறக்கவில்லை என்பார்கள். அது யோகமாக எனக்குத் தோன்றவில்லை. மிசௌரியில் வளர்ந்த நாக்கு எந்தச் சொல்லில் காட்டிக்கொடுக்கும் என்று யாருக்குத் தெரியும்?

வாசிப்புக்கு வருகிறேன். காந்தத்தில் பதிவுசெய்யும் ஒளிநாடா 1956-இல்தான் வந்தது. அதற்கு முன், கால் மணி நேர நேரலையில் விரல் தவறினால் அந்தத் தவறு அப்படியே வீடுகளுக்குப் போய்ச் சேரும். காமிரா தலைப்பாகையின் நெற்றியில் பதித்த மணிக்கல்லிலிருந்து இமைக்காத கண்களுக்கும் அங்கிருந்து கைகளுக்கும் இறங்குகிறது. ஒரு கை ஹாமண்ட் ஆர்கனில் சுரத்தைப் பிடித்து நிறுத்தியிருக்க, மறு கை பக்கத்திலுள்ள பியானோவில் ஓடுகிறது. சில இடங்களில் கட்டைகளை முழவு போலத் தட்டித் தாளம் எழுப்புகிறார். இவ்வளவு நடக்கும்போதும் முகத்தில் ஒரு சலனமும் இல்லை. இதே நிலையத்தின் பொம்மலாட்டத் தொடரான 'டைம் ஃபார் பீனி'க்கும் அவரே பின்னணி வாசித்தார் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அவருடைய வாசிப்பைப் படச்சுருளில் பதிவுசெய்து தொலைக்காட்சி நிலையங்களுக்குக் கொடுத்த முதலாளியோடு ஒப்பந்தத் தகராறு மூண்டு அவர் விலக, அந்த இடத்துக்கு வந்த பியானோ கலைஞர் லிபராச்சி பெரும் புகழ் பெற்றார்.

அவர் 1998-இல் இறந்தபோது வந்த மறைவுச் செய்திகளும் டெல்லியில் பிறந்தவர் என்றே எழுதின. ஆர்.ஜே. ஸ்மித் என்ற பத்திரிகையாளர் 2001-இல் எழுதிய பிறகுதான் பலருக்கும் உண்மை தெரிந்தது. அவருடைய உடன்பிறந்தவர்களும் உறவினரும் லாஸ் ஏஞ்சலஸிலேயே இருந்தார்கள். தொலைக்காட்சியில் தெரிபவர் யார் என்று அறிந்திருந்தும் அவர்கள் வெளியே சொல்லவில்லை. நண்பர்களுக்கு உடனே எழுதி அவமானப்படுவதற்கு முன், அந்தக் காணொளியை இன்னொரு முறை கைகளுக்காகப் பாருங்கள், பார்த்துவிட்டு எழுதுங்கள்.