சிறிய முதலீட்டில் மரவேலைக் கருவிகள் விற்கலாமா? சந்தையில் எதற்குத் தேவை கூடுகிறது?

கையில் கொஞ்சம் முதல் இருக்கிறது, மெஷின்களை வாங்கி வைத்து விற்கலாமா, எது ஓடும், எது தேங்கும் என்று கேட்டிருக்கிறீர்கள். நான் பட்டறையில் உளி பிடித்து ஆரம்பித்தவன். அப்புறம் கருவி விற்பனைக்கு வந்தேன். இப்போது பெரும்பாலும் பிளேடு சாணை பிடித்துக் கொடுக்கிறேன். சாணைக்கு வருகிற பிளேடைக் கையில் வாங்கியதுமே அது எந்தப் பலகையை அறுத்துவிட்டு வருகிறது என்று தெரிந்துவிடும். அந்த மேசையில் உட்கார்ந்து பார்த்ததை வைத்தே சொல்கிறேன்.

எந்தக் கருவிக்குத் தேவை வரும் என்பதைப் பலகைதான் முடிவு செய்கிறது. முழு மரத்தில் வேலை நடந்தபோது, மரம் வளைந்திருக்கும், முறுக்கியிருக்கும். அதை இழைத்துச் சமப்படுத்தி, உளியால் துளை வெட்டி, முளை சீவிச் சேர்க்க வேண்டும். அதனால் இழைப்புளியும் உளியும் கொட்டாப்புளியும் விற்றன. பிளைவுட், மர இழையை அழுத்திச் செய்த எம்.டி.எஃப்., மரத் துகள்களை அழுத்திச் செய்த பார்ட்டிகிள் போர்டு எல்லாம் ஆலையிலிருந்தே சமமாக வந்து இறங்குகின்றன. இழைக்க எதுவும் இல்லை. நேராக அறுக்க வேண்டும், ஓரத்தில் பட்டை ஒட்ட வேண்டும், துளை போட வேண்டும், திருகு முடுக்க வேண்டும். வேலை அவ்வளவுதான். பலகையை நேராக அறுக்கும் பேனல் சாவும், ஓரப் பட்டை ஒட்டும் எட்ஜ் பேண்டிங் மெஷினும் முன்னுக்கு வந்தது இப்படித்தான். அலமாரிக் கதவுக்குள் கிண்ணம் மாதிரி உட்காரும் கீலுக்கு 35 மி.மீ. துளை, தட்டு வைக்க 32 மி.மீ. இடைவெளியில் வரிசைத் துளைகள் என்று அளவுகள்கூட உலகம் முழுக்க ஒன்றாகிவிட்டன.

இந்தப் பலகைகளில் மரத்தோடு பிசினும் இருக்கிறது. இறுகிய பிசின் சாதாரண எஃகுப் பல்லைச் சீக்கிரமே மழுக்கிவிடும். பார்ட்டிகிள் போர்டில் மண் துகளும் கலந்திருந்தால் கேட்கவே வேண்டாம். அதனால்தான் இன்று மெஷினில் மாட்டும் வட்ட பிளேடுகளில் பெரும்பாலானவற்றின் பல் நுனியில் எஃகைவிடக் கடினமான கார்பைடு துண்டு பற்றவைக்கப்பட்டிருக்கிறது. 1920களில் ஜெர்மனியின் க்ரூப் நிறுவனம் இந்தக் கார்பைடை 'விடியா' என்ற பெயரில் விற்க ஆரம்பித்தது. வைரம் போன்றது என்ற பொருளில் வைத்த பெயர். ஆனால் அந்தக் கார்பைடும் தேயத்தான் செய்கிறது.

உங்கள் பக்கத்தில் ஒரு பட்டறை இருந்தால் போய் ஒரு பழைய பிளேடை வெளிச்சத்தில் திருப்பிப் பாருங்கள். புதிய பல்லின் விளிம்பு ஒரு கோடு போல இருக்கும். வெளிச்சம் அதில் தங்காது. தேய்ந்த பல்லில் அந்தக் கோடு இருந்த இடத்தில் மெல்லிய வெள்ளைப் பளபளப்பு தெரியும். விளிம்பு உருண்டுவிட்டது என்று அர்த்தம். பல்லின் பக்கவாட்டில் காபி நிறத்தில் பிசின் படிந்திருக்கும். இந்தப் பிளேடைப் போட்டு மைக்கா ஒட்டிய பலகையை அறுத்தால் ஓரம் எலி கடித்ததுபோல் வரும். தச்சர் மெஷினைத் திட்டுவார். மெஷினில் ஒரு குறையும் இருக்காது.

மைக்காவுக்கும் எம்.டி.எஃப்.புக்கும் பல் அமைப்பே வேறு: முனை சீவிய உயரமான பல் ஒன்று, தட்டையான பல் ஒன்று என மாறி மாறி வரும். பேனல் சாவில் பெரிய பிளேடுக்கு முன்னால் சின்னதாக இன்னொரு பிளேடு எதிர்த்திசையில் சுற்றி, அடிப்பக்கத்தில் ஓரிரு மில்லிமீட்டர் மட்டும் கீறிக் கொடுக்கும், பிசிறு வராமல் இருக்க. இது தெரிந்து சரியான பிளேடை எடுத்துக் கொடுக்கிற விற்பனையாளர் ரொம்பக் குறைவு. தெரிந்தவரைத் தேடி வாடிக்கையாளர் திரும்பத் திரும்ப வருகிறார். அறுக்கும் மெஷினை ஒருவர் பல வருடத்துக்கு ஒருமுறைதான் வாங்குவார். பிளேடும், பள்ளமும் ஓர வடிவமும் வெட்டும் ரவுட்டர் மெஷினின் பிட்டும், மணல்தாளும் தீர்ந்துகொண்டே இருப்பவை. பணமும் அங்கேதான் என்பது என் அனுபவம்.

பெரிய ஆலைகளின் கதை தனி. அங்கே கணினி சொல்படி ஓடும் ஒரே சி.என்.சி. மெஷின் முழுப் பலகையைப் படுக்க வைத்து வெட்டித் துளையும் போட்டு முடித்துவிடுகிறது. கார்பைடுக்குப் பதில் செயற்கை வைர நுனி போட்ட கருவிகள் ஓடுகின்றன. ஜெர்மனியின் ஹோமாக், இத்தாலியின் பியஸ்ஸே, எஸ்.சி.எம். போன்றவர்களின் களம் அது. ஹானோவரில் இரண்டு வருடத்துக்கு ஒருமுறை நடக்கும் லிக்னா கண்காட்சியில் அந்த மெஷின்களைப் பார்க்கலாம். சிறிய முதலுக்கு அங்கே இடமில்லை, விட்டுவிடுங்கள்.

அடுத்தது பேட்டரி. கார்டுலெஸ் டிரில் புதிதல்ல. பிளாக் அண்ட் டெக்கர் 1961லேயே கொண்டு வந்துவிட்டது. ஆனால் அதைப் பட்டறைக்காரர் முழுதாக நம்ப ஆரம்பித்தது 2005ல் மில்வாக்கி லித்தியம் அயான் பேட்டரியைக் கருவிகளில் போட்ட பிறகுதான். பிரஷ் இல்லாத மோட்டாரும் சேர்ந்தபின் டிரில் மட்டுமல்ல, வட்ட ரம்பமும் ரவுட்டரும்கூட ஒயரை விட்டுவிட்டன. இங்கே போட்டியே பேட்டரி பொருந்தும் வடிவத்தில்தான். ஒரு நிறுவனத்தின் பேட்டரி இன்னொன்றில் உட்காராது. ஒவ்வொரு நிறுவனத்துக்கும் ஒரு நிறம்; முதல் டிரில் எந்த நிறமோ, அதற்குப் பிறகு வாங்கும் பத்துக் கருவிகளும் அதே நிறமாக இருக்கும். பேட்டரி இல்லாத வெறும் கருவி தனியாக விற்பது அதனால்தான். மெட்டாபோ 2018ல் பல நிறுவனங்களைச் சேர்த்துப் பொது பேட்டரி ஒன்றைக் கொண்டு வந்தது. ஆனாலும் பெரியவர்கள் பெரும்பாலும் அவரவர் பேட்டரி வடிவத்தையே பிடித்துக்கொண்டிருக்கிறார்கள்.

வாடிக்கையாளர் கட்டாயம் கேட்கும் கேள்வி ஒன்றையும் சொல்லிவிடுகிறேன்: '18 வோல்ட்டா, 20 வோல்ட்டா, எது பலம்?' இரண்டும் ஒன்றுதான். உள்ளே ஐந்து செல்கள் வரிசையாக இருக்கும். ஒரு செல்லுக்குச் சராசரி 3.6 என்று எடுத்தால் 18, முழு சார்ஜில் 4 என்று எடுத்தால் 20. அட்டையில் எதை அச்சடிக்கிறார்கள் என்பதில் மட்டும்தான் வித்தியாசம். இதை உண்மையாகச் சொல்லுங்கள், நம்பிக்கை வரும்.

பேட்டரியில் நான் அடிபட்டும் இருக்கிறேன். தேவை ஏறுகிறதே என்று பேட்டரிகளை மொத்தமாக வாங்கி அடுக்கினேன். பாதி விற்றது. மீதி அலமாரியிலேயே கிடந்தது. ரொம்ப நாள் கழித்து ஒன்றை எடுத்து சார்ஜரில் போட்டால் சிவப்பு விளக்கு மட்டும் கண் சிமிட்டியது. லித்தியம் செல் சும்மா இருந்தாலும் மெல்ல இறங்கும், வயதாகும். ஓர் அளவுக்குக் கீழே போய்விட்டால் சார்ஜரே அதை ஏற்காது. பிளேடு பத்து வருடம் கிடந்தாலும் துடைத்து விற்கலாம், பேட்டரி அப்படியல்ல. அதைப் பால் பாக்கெட் மாதிரி நினைத்து, பழையதை முதலில் விற்றுவிடுங்கள்.

தூசிப் பக்கமும் தேவை கூடிக்கொண்டே போகிறது. மரத்தூள் மனிதருக்குப் புற்றுநோய் தரக்கூடியது என்று உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆராய்ச்சி முகமை 1995லேயே வகைப்படுத்திவிட்டது. எம்.டி.எஃப். தூளைச் சுவாசித்தவர்களுக்கு அறிக்கை தேவையில்லை, மூக்கே சொல்லிவிடும். முன்பு மெஷின் மட்டும் வாங்கியவர்கள் இப்போது தூசி உறிஞ்சும் மெஷினும் சேர்த்துக் கேட்கிறார்கள். அதன் பையும் ஃபில்டரும் மறுபடி தேய்மானச் சரக்குதான், கவனியுங்கள்.

கைக்கருவிகள் செத்துவிட்டனவா என்றால், மலிவுக்கும் உயர்தரத்துக்கும் நடுவில் இருந்தவைதான் செத்தன. மலிவான கைரம்பத்தில் பல் நுனிகள் நீலக்கறுப்பாக இருக்கும். மின்சாரத்தால் ஒரு நொடிக்குள் சூடாக்கி இறுக வைத்தவை. அரம் வைத்தால் வழுக்கும், தீட்ட முடியாது. மழுங்கினால் தூக்கிப் போட வேண்டியதுதான். அரம் விற்பனை படுத்ததில் இதற்குப் பெரிய பங்கு உண்டு. மறுமுனையில் அமெரிக்காவின் லீ நீல்சன், கனடாவின் வெரிடாஸ் போன்றவர்களின் இழைப்புளிகளைத் தேடி வாங்கும் பொழுதுபோக்கு மரவேலைக்காரர்கள் இருக்கிறார்கள். அவர்கள் எண்ணிக்கை சிறிது, ரசனை பெரிது. எதற்கும் தீட்டுக்கல் நாலு வைத்துக்கொள்ளுங்கள்.

ஒரே ஒரு எச்சரிக்கை. 2020லும் 2021லும் வீட்டில் அடைந்து கிடந்தவர்கள் எல்லாம் தச்சரானார்கள், கருவிகள் பறந்தன. அதைப் பார்த்து எல்லோரும் சரக்கைக் குவித்தார்கள். 2022ல் வட்டி ஏறியது, வீடு வாங்குவதும் கட்டுவதும் மந்தமானது. ஸ்டான்லி பிளாக் அண்ட் டெக்கர் அளவுக்குப் பெரிய நிறுவனமே தேங்கிய சரக்கைக் குறைக்கப் பாடுபட்டது. வட்டி ஏறும்போது முதலில் நிற்பது புது மெஷின். பழைய மெஷினை ஓட்டுகிறவருக்குப் பிளேடு அப்போதும் வேண்டும்.

ஆகவே நானாக இருந்தால், மெஷின்களை வாங்கி அடுக்காமல், வாடிக்கையாளர் கேட்டபின் தருவித்துக் கொடுப்பேன். போடுகிற பணத்தில் பெரும்பகுதியைப் பிளேடு, பிட், மணல்தாள், ஃபில்டர் இவற்றில் போடுவேன். பிளேடு சாணை மெஷின் ஒன்றும் வாங்குவேன். கார்பைடைத் தீட்ட வைரச் சக்கரம் வேண்டும், சாதாரணச் சாணைக்கல் உதவாது. முதல் ஆறு மாதம் கெட்டுப்போன பழைய பிளேடுகளில் பழகிவிட்டு, அப்புறம் வாடிக்கையாளர் பிளேடைத் தொடுங்கள். நான் நேராக அவர்களுடையதில்தான் பழகினேன், மூன்று பிளேடு வாங்கிக் கொடுக்க வேண்டியதாயிற்று.