சட்டத்தரணி ஒருவர் பல்கலைக்கழகத்தின் தலைமைக்கு வர முடியுமா?

கேள்வி: "நான் மலையகத்தைச் சேர்ந்த இளம் சட்டத்தரணி. பல்கலைக்கழகமொன்றில் வேலை கிடைத்திருக்கிறது. நீதிமன்றத்தை விட்டுப் போனால் ஒருநாள் துணைவேந்தர் அளவுக்கு உயர முடியுமா? இல்லை, 'வழக்கு கிடைக்காதவன்' என்ற பெயர்தான் மிஞ்சுமா?"

தம்பி, உங்கள் கடைசி வரிக்காகத்தான் பதில் எழுத உட்கார்ந்தேன். அந்தப் பெயரை ஹட்டனில் நான் ஏற்கெனவே வாங்கியாகிவிட்டது. கறுப்புக் கோட்டைக் கழற்றிவிட்டுப் பல்கலைக்கழகமொன்றின் சட்ட, ஆவணப் பிரிவில் உதவிப் பதிவாளராகச் சேர்ந்த வருடம், எங்கள் தோட்டத்துக் கோயில் திருவிழாவில் உறவினர் ஒருவர் நாலு பேர் கேட்கும்படி கேட்டார்: "கோர்ட்டுக்குப் போகாதவளை எதற்குச் சட்டத்தரணி என்று சொல்ல வேண்டும்?" அன்று பேசாமல் வந்துவிட்டேன். பேசாமல் வந்ததையெல்லாம் இப்போது உங்கள் தலையில் கொட்டப் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் கேட்டதற்கு நேரான பதில். முடியும், ஆனால் நீதிமன்ற வாசலிலிருந்து நேரடியாக முடியாது. 1978ஆம் ஆண்டின் 16ஆம் இலக்கப் பல்கலைக்கழகங்கள் சட்டத்தின்படி, பல்கலைக்கழகப் பேரவை மூன்று பெயர்களைத் தெரிவுசெய்து அனுப்பும். பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழுவின் வழியாக அது ஜனாதிபதியிடம் போகும். அவர் ஒருவரை மூன்று ஆண்டுகளுக்கு நியமிப்பார். அந்த மூன்று பெயர்களுக்குள் வருகிறவர்கள் நடைமுறையில் பேராசிரியர்கள். கொழும்புப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தர்களாக இருந்த ஜி. எல். பீரிஸ், சாவித்திரி குணசேகர இருவரும் சட்டத்துறைக்காரர்கள்தாம். இருவரும் வகுப்பறை வழியாக ஏறிப்போனவர்கள். நீங்கள் என்ன பதவி என்று எழுதவில்லை. என்னைப்போல நிர்வாகப் பதவி என்றே எடுத்துக்கொள்கிறேன். அப்படியானால் உங்கள் ஏணியின் கடைசிப் படி பதிவாளர். துணைவேந்தர் கதிரை வேண்டுமென்றால் முதுமாணி, கலாநிதி, விரிவுரையாளர் என்று வேறு ஏணியில் கீழிருந்து ஏற வேண்டும். இதை யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை.

இந்த மலைநாட்டில் அதைச் செய்து காட்டியவர் ஐவர் ஜெனிங்ஸ். பிரிஸ்டலில் 1903இல் பிறந்தவர். வழக்கறிஞர் தகுதி பெற்றவர். அரசியலமைப்புச் சட்டத்தில் லண்டனில் பெயர் எடுத்த ஆசிரியர். 1941இல் கொழும்புப் பல்கலைக்கழகக் கல்லூரிக்கு அதிபராக வந்தார். மறு ஆண்டே அது இலங்கைப் பல்கலைக்கழகமானது. அதன் முதல் துணைவேந்தரும் அவரே. அப்போது அவருக்கு நாற்பது வயதுகூட ஆகவில்லை. மகாவலிக்கும் ஹந்தானை மலைக்கும் நடுவில் பேராதனை வளாகத்தை எழுப்பி, 1952இல் பல்கலைக்கழகத்தை அங்கே கொண்டுவந்து சேர்த்தார். பிறகு கேம்பிரிட்ஜில் ட்ரினிட்டி ஹால் கல்லூரியின் தலைவரானார். அறுபதுகளின் தொடக்கத்தில் கேம்பிரிட்ஜுக்கே துணைவேந்தரானார். அவரை 'வழக்கு கிடைக்காதவர்' என்று எந்தத் திருவிழாவிலாவது யாராவது சொன்னார்களா என்று எங்கள் உறவினரைத்தான் கேட்க வேண்டும்.

பேராதனைக்குப் போனால் விடுதிகளின் பெயர்ப்பலகைகளையும் கொஞ்சம் கவனியுங்கள். அருணாசலம், ராமநாதன், ஜயதிலக, ஜேம்ஸ் பீரிஸ் எல்லோரும் சட்டம் படித்தவர்கள். அக்பர் உயர் நீதிமன்ற நீதியரசர். இந்த நாட்டுக்கு ஒரு பல்கலைக்கழகம் வேண்டும் என்று 1906இல் சங்கம் வைத்து வாதாடியவர்களில் பொன்னம்பலம் அருணாசலம் முக்கியமானவர்.

ஆனால் ஜெனிங்ஸின் பெயரைச் சொல்லும்போது எனக்குள் ஒரு முள்ளும் இருக்கிறது. பல்கலைக்கழகத்தைக் கட்டிய அதே ஆண்டுகளில் அவர், பின்னர் முதல் பிரதமரான டி. எஸ். சேனாநாயக்கவின் ஆலோசகராக இருந்து, சுதந்திர இலங்கையின் முதல் அரசியலமைப்பான சோல்பரி அரசியலமைப்புக்கு அடிப்படையான வரைவை எழுதுவதிலும் பங்கெடுத்தார். அந்த அரசியலமைப்பின் 29ஆம் பிரிவு, எந்தச் சமூகத்துக்கும் மற்றவர்களுக்கு இல்லாத பாதகத்தைச் சட்டத்தால் சுமத்தக் கூடாது என்றது. படிக்க எவ்வளவு நன்றாக இருக்கிறது! 1948இல் வந்த குடியுரிமைச் சட்டத்தில் எந்தச் சமூகத்தின் பெயரும் இல்லை. இங்கே பிறந்தவர் தம் தகப்பனும் இங்கேதான் பிறந்தார் என்று காட்ட வேண்டும், அல்லது பாட்டனும் பூட்டனும் இங்கே பிறந்தார்கள் என்று காட்ட வேண்டும் என்று மட்டுமே இருந்தது. லயத்தில், அதாவது தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடுகளில், பிறந்தவர்களிடம் அதற்குக் காகிதம் எங்கே இருந்தது? என் தாத்தாவிடம் இருக்கவில்லை. 1947 தேர்தலில் தோட்டத்து மக்களின் கட்சியான இலங்கை இந்தியக் காங்கிரஸ் ஏழு ஆசனங்களை வென்றது. அடுத்த தேர்தலில் அந்த மக்களில் பெரும்பாலானவர்களிடம் வாக்கே இல்லை. வழக்கு, அன்று நமக்கு இறுதி மேன்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் கோமறை மன்றம் வரை போனது. 29ஆம் பிரிவு மீறப்படவில்லை என்று 1953இல் தீர்ப்பு வந்தது. குடியுரிமை இல்லாமல் மிச்சமிருந்தவர்களின் கணக்கு 2003ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தோடுதான் ஒருவழியாக முடிந்தது.

இதைப் படித்துவிட்டு, "ஜெனிங்ஸ் குடியுரிமையைப் பறித்தார் என்கிறாயா?" என்று சண்டைக்கு வருபவர்களுக்கு: அப்படி நான் சொல்லவில்லை. அந்தச் சட்டத்தை நிறைவேற்றியது நாடாளுமன்றம். அழகாக எழுதிய ஒரு பிரிவு, கையில் காகிதம் இல்லாதவனுக்கு உதவவில்லை என்றுதான் சொல்கிறேன். இதைக் கரித்துக்கொட்டவும் இங்கே எழுதவில்லை. என் வேலையே அந்தக் காகிதத்தில்தான் போய் நின்றது.

புதிய மாணவர்களின் பதிவு நாள். மூடும் நேரத்துக்குக் கொஞ்சம் முன்னால், பதிவுக் கிளையில் குரல் உயர்ந்தது. போய்ப் பார்த்தால், மஸ்கெலியாப் பக்கத்துத் தோட்டமொன்றிலிருந்து ஒரு பிள்ளை, கூடவே தகப்பன். அவர் கையில் பொலித்தீன் பைக்குள் கோப்பு, அதற்குள் இன்னொரு பொலித்தீன் பை. பிள்ளையின் பிறப்புச் சான்றிதழைச் சிங்களத்தில் எழுதிய பதிவாளர் பெயரைக் காதில் விழுந்தபடி எழுதியிருக்கிறார். உயர்தரப் பெறுபேற்றில் பாடசாலை எழுதிய பெயர். அடையாள அட்டையில் மூன்றாவதாக ஒன்று. தகப்பனின் பெயரும் ஓரிடத்தில் 'அன்' என்று முடிகிறது, இன்னோரிடத்தில் 'ஆ' என்று முடிகிறது. "பெயரைத் திருத்திக்கொண்டு வாருங்கள்" என்கிறார் எழுதுவினைஞர். திருத்தம் கையில் கிடைக்க எத்தனை மாதம் ஆகும் என்று அவருக்கும் தெரியும். பதிவு அன்று மாலையோடு முடிகிறது.

அந்த எழுதுவினைஞரைக் கெட்டவர் என்று நினைக்க வேண்டாம். அவருக்குக் கணக்காய்வு பயம். நாளை யாராவது வினவல் அனுப்பினால் ஓய்வூதியக் காலம் வரை பதில் எழுத வேண்டியவர் அவர்தான். பயந்தவரிடம் மனிதாபிமானம் பேசினால் இன்னும் பயப்படுவார். அவர் கையில் ஒரு காகிதத்தைக் கொடுத்துவிட வேண்டும், அவ்வளவுதான்.

விதிமுறைக் கோவையை முழுவதும் புரட்டினேன். பெயர் வேறுபட்டால் பதியக் கூடாது என்று எங்கேயும் இல்லை. ஆளை உறுதிப்படுத்த வேண்டும் என்றுதான் இருந்தது. மூன்று பெயர்களும் ஒரே ஆளுடையவை என்று ஒரு சத்தியக் கடதாசி தயாரித்தேன். சமாதான நீதவான் ஒருவரைத் தேடிப் பிடித்து அவர் முன்னால் பிள்ளையைக் கையொப்பமிட வைத்தோம். திருத்திய சான்றிதழைப் பின்னர் சமர்ப்பிக்கும் நிபந்தனையோடு பதியலாம் என்று அரைப் பக்கக் குறிப்பு எழுதித் துணைவேந்தரிடம் கொண்டுபோனேன். அவர் விஞ்ஞானி. "இதற்கு விதியில் இடமிருக்கிறதா?" என்று கேட்டார். "விதியில் தடை இல்லை, சேர்" என்றேன். கொஞ்ச நேரம் என்னையே பார்த்தார். பிறகு கையொப்பமிட்டார்.

இடமிருக்கிறதா, தடை இருக்கிறதா என்ற இரண்டு கேள்விகளுக்கும் நடுவில்தான் சட்டம் படித்தவரின் வேலை இருக்கிறது. இடமிருக்கிறதா என்று தேடுகிறவருக்கு எந்த விதிமுறைக் கோவையிலும் இடம் கிடைக்காது. துணைவேந்தர் கதிரையில் சட்டம் தெரிந்தவர் இருந்தால் பாதிக் கோப்புகள் இப்படி மேலே ஏறவே வேண்டியதில்லை. உடனே "எல்லாச் சட்டத்தரணிகளும் அப்படியா?" என்று கேட்பீர்கள். இல்லை. தடையை மட்டுமே தேடிப்பிடிக்கிற சட்டத்தரணிகளையும் பார்த்திருக்கிறேன். அவர்கள் தலைமைக்கு வந்தால் பல்கலைக்கழகம் சுற்றறிக்கைத் தொழிற்சாலையாகிவிடும். வேறொருவர், "பெரிய சாதனையா? உன் சம்பளத்துக்கான வேலை" என்று எழுதுவார். ஆமாம், சம்பளத்துக்கான வேலைதான். அதைத்தான் கோர்ட்டுக்குப் போகாதவளின் வேலை இல்லை என்று திருவிழாவில் சொன்னார்கள்.

பிள்ளையின் தகப்பன் கிளம்பும்போது, "மேடம், பணம் ஏதும்..." என்று சட்டைப் பையைத் தொட்டார். கோபம் வந்தது, அவர்மேல் இல்லை. அலுவலகம் என்றால் சட்டைப் பையைத் தொட வேண்டும் என்று அவருக்கு யாரோ பழக்கியிருக்கிறார்கள்.

கேட்காததையும் ஒன்று சொல்லிவிடுகிறேன். அந்தப் பிள்ளை அவ்வளவு தாமதமாக வந்ததற்குக் காரணம் கடிதம். தோட்டங்களில் எத்தனையோ லயங்களுக்கு இன்றைக்கும் சொந்த முகவரி இல்லை. கடிதம் தோட்ட அலுவலகத்துக்கு வரும், அங்கே மேசையில் கிடக்கும், யாராவது எடுத்துப்போய்க் கொடுத்தால் உண்டு. ஹட்டனிலிருந்து கொழும்புக்கு ரயில் ஓடத் தொடங்கி நூற்றைம்பது வருடத்தை நெருங்குகிறது. ஒரு கடிதம் வீட்டு வாசலுக்கு வர வழியில்லை. கையெழுத்துப் போட்டு வாங்க வேண்டிய பதிவுத் தபாலை வேறு யாரோ வாங்கி, வேறு யாரோ பிரித்த கதைகளும் உண்டு. வாக்குக் கேட்டு வருகிறவர்களுக்கு மட்டும் ஒவ்வொரு லயமும் எப்படித்தான் அடையாளம் தெரிகிறதோ.

ஆகவே தம்பி, வேலையை ஏற்றுக்கொள்ளுங்கள். கையோடு முதுமாணிக்கும் விண்ணப்பியுங்கள். இல்லாவிட்டால் பதிவாளரோடு நின்றுவிடும். நியமனக் கடிதத்தில் வெளியே தொழில் செய்யலாமா, கூடாதா என்ற வாசகத்தைக் கையொப்பமிடும் முன் வாசியுங்கள். படிவத்தில் முகவரி கேட்கும் இடத்தில் தோட்டத்தின் பெயரை மட்டும் எழுதாமல், டவுனில் கடை வைத்திருக்கும் தெரிந்தவர் யாருடைய முகவரியையாவது அனுமதி கேட்டுப் போடுங்கள். நேர்முகத்துக்கு அழைக்கும் கடிதம் நேர்முகம் முடிந்த பிறகு வந்துசேர்வதை நான் இந்த வருடமும் பார்த்தேன்.