கூரையிலிருந்து தொங்கும் கச்சை

வணக்கம் ஐயா,

அமெரிக்காவின் தென்மேற்கில் வாழும் நவஹோ பழங்குடியினரின் வீடுகளில் நடந்த பிரசவங்களைப் பற்றி நீங்கள் எழுதியதை வாசித்தேன். நான் செவிலியர். சிக்கலான பிரசவத்தைப் பாட்டாலும் சடங்காலும் தாண்டினார்கள் என்பதைப் படிக்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் வேறு வழியில்லாமல் தாங்கிக்கொண்டதை வலிமை என்று புகழலாமா? அப்புறம், தொப்புள்கொடியை என்ன செய்வார்கள்?
க.

அன்புள்ள க.,

புகழக்கூடாத வலிமை உண்டு, ஒப்புக்கொள்கிறேன். 1864-ல் அமெரிக்க ராணுவம் நவஹோ மக்களைச் சொந்த மண்ணிலிருந்து விரட்டி, நியூ மெக்சிகோவிலுள்ள போஸ்கே ரெடோண்டோ முகாமுக்கு நடத்தியே கொண்டுபோனது. வழியில் பிரசவ வலி கண்டு பின்தங்கியவர்களைச் சிப்பாய்கள் சுட்டதை அந்தக் குடும்பங்கள் வாய்மொழியாகச் சொல்லி வருகின்றன. அங்கே தாயின் மனவுறுதியைப் பற்றிப் பேசுவது அசிங்கம்.

ஹோகன் என்ற அவர்களது மரபான குடிலில் நடக்கும் பிரசவம் வேறு. உத்திரத்தில், நெய்த நீண்ட இடுப்புக் கச்சை ஒன்றைக் கட்டித் தொங்கவிடுவார்கள். கர்ப்பிணி முழங்காலிட்டு, அதை இழுத்துப் பிடித்தபடி முக்குவாள். பின்னாலிருந்து ஒருவர் அணைத்து வயிற்றைக் கீழ்நோக்கி அழுத்துவார் (இதை நீங்கள் ஏற்க மாட்டீர்கள், நானும்தான்). தாமதமானால் முடிச்சுகளை அவிழ்ப்பார்கள், கூந்தலையும்தான், சடங்குப் பாட்டுப் பாடும் வைத்தியரை வரவழைப்பார்கள். கச்சையில் மந்திரம் ஒன்றும் இல்லை. உடல் நிமிர்ந்திருந்தால் குழந்தையின் எடையே அதைக் கீழே இறக்க உதவுகிறது. மல்லாந்து படுப்பது பெரும்பாலும் பார்க்கிறவருக்குத்தான் வசதி. நவஹோ பகுதியின் சில மருத்துவமனைகள் பிரசவ அறையிலேயே கச்சையைத் தொங்கவிட்டது சும்மா இல்லை. நான் வலிமை என்று சொன்னது இதைத்தான்: பிடித்துக்கொள்ள ஒன்று, தாங்கிக்கொள்ள ஒருவர். தனியாகப் பல்லைக் கடிப்பதை அல்ல.

சரி, பாட்டு ரத்தப்போக்கை நிறுத்தாது. குழந்தை குறுக்கே கிடந்தால் கச்சையாலும் பயனில்லை. நவஹோ மக்களிலேயே இதை உரக்கச் சொன்னவர் ஆனி வானேகா. 1951-ல் நவஹோ பழங்குடி மன்றத்துக்குத் தேர்வானவர். காசநோயை ஒழிக்க வீடு வீடாக அலைந்தார், தாய்சேய் நலத்துக்காகவும் உழைத்தார். பாரம்பரிய வைத்தியர்களை ஒதுக்காமல், அவர்களையும் டாக்டர்களையும் பேசவைத்தார். மருத்துவச் சொற்களுக்கு நவஹோ மொழியில் அகராதி தயாரித்தார். 1963-ல் அமெரிக்க ஜனாதிபதியின் சுதந்திரப் பதக்கம் பெற்றார். உங்கள் கேள்விக்கு என்னைவிட நல்ல பதில் அவர்தான்.

தொப்புள்கொடியைப் புதைப்பார்கள். ஆட்டுப்பட்டி அருகே புதைத்தால் பிள்ளை நல்ல மேய்ப்பராக வரும், தறியருகே புதைத்தால் நெசவு கைவரும் என்பது நம்பிக்கை. இதிலாவது ஒரு செவிலியருக்கு ஆட்சேபணை இருக்காது என்று நினைக்கிறேன்.