“அம்மா” மூன்று எழுத்துதானே, பைத்தான் நிரல்மொழியில் நீளம் கேட்டால் ஏன் 5 வருகிறது?

பைத்தான் எண்ணுவது நம் எழுத்துகளை அல்ல, குறியெண்களை. கணினிக்கு எழுத்து என்று ஒன்றும் தெரியாது, எண்தான் தெரியும். எந்த எண்ணுக்கு எந்த எழுத்து என்று சொல்லும் அட்டவணைதான் யூனிகோடு. ஆங்கிலப் பெரிய ‘ஏ’வுக்கு 65. நம் அகரத்துக்கு 2949.

இப்போது அம்மாவைப் பிரித்துப் பாருங்கள்: 2949 (அ), 2990 (ம), 3021 (புள்ளி), 2990 (ம), 3006 (துணைக்கால்). ஆக ஐந்து. அகரமேறிய ‘ம’வுக்குத்தான் தனி எண், ‘ம்’, ‘மா’ எல்லாம் ஒட்டுப்போட்டவை. எழுத்தை எண்ண வேண்டுமானால் புள்ளியையும் உயிர்க்குறிகளையும் கழித்துவிட்டு எண்ணுங்கள், 3 வந்துவிடும்.

இதைவிடப் பெரிய தொல்லை ‘கொ’. அதை 2965, 3018 என்றும் எழுதலாம். ஒற்றைக்கொம்பையும் துணைக்காலையும் தனித்தனியாக 2965, 3014, 3006 என்றும் எழுதலாம். திரையில் இரண்டும் அச்சு அசல் ஒன்றே, ஒப்பிட்டால் சமமில்லை என்று வரும். கண்ணெதிரே இருக்கும் “கொத்தமல்லி” தேடலில் சிக்காமல் ஒருமுறை அரை நாள் மண்டையை உடைத்துக்கொண்டேன். ஒப்பிடும் முன் இரண்டையும் பைத்தானோடு வரும் ‘யூனிகோடுடேட்டா’ தொகுப்பின் ‘நார்மலைஸ்’ செயற்கூறு வழியாக, பிரிந்த குறிகளை ஒன்றாக்கும் ‘என்எஃப்சி’ வடிவத்துக்கு மாற்றிவிடுங்கள்.