ரோமின் பர்காச்சா நீரூற்று ஏன் தரைமட்டத்துக்குக் கீழே அமைந்துள்ளது?

பர்காச்சா ஓர் ஈர்ப்பு நீரூற்று. அதாவது, மேட்டிலிருந்து இறங்கிவரும் நீரின் அழுத்தத்தால் மட்டுமே பீறிடும்படி அமைந்தது. 1627 முதல் 1629 வரை சிற்பி பியெத்ரோ பெர்னினி இதை உருவாக்கினார். இதற்கு நீர் தரும் ஆக்வா வெர்ஜினே கால்வாய் அவ்விடத்தை மிகத் தாழ்வாகவே வந்தடைவதால், மொட்டைமாடித் தொட்டிக்குச் சற்றே கீழுள்ள குழாயில் தண்ணீர் நூலாக ஒழுகுவதைப் போல, அங்கே நீரை உயரப் பீய்ச்சும் அழுத்தம் கிடைக்கவில்லை. ஆகவே பெர்னினி நீரூற்றின் தொட்டியைத் தரைக்குக் கீழே இறக்கி, பாதி மூழ்கிய படகாகவே செதுக்கினார். படகின் உட்புறத்தில் செதுக்கிய, மனித முகம் கொண்ட சூரியன்களின் வாயிலிருந்தும் நீர் விழுகிறது. குறையையே கருப்பொருளாக்கிய இந்தத் துணிவு போற்றத்தக்கது. படகு காலப்போக்கில் மண்ணில் புதைந்துவிட்டதாகச் சிலர் கருதுவது தவறு. அது தொடக்கத்திலேயே தாழ்வாக அமைக்கப்பட்டது.