லுபிதா தோவார்: அது டப்பிங் இல்லை

நண்பரே, 1931 'டிராகுலா'வின் ஸ்பானிஷ் பிரதியில் அரங்கம் அப்படியே இருக்க நடிகை மட்டும் வேறாக இருக்கிறாரே, டப்பிங்கா, திருட்டுப் பிரதியா என்று கேட்டிருந்தீர்கள். இரண்டும் இல்லை. பேசும்படம் வந்த புதிதில் டப்பிங் நுட்பம் சரியாகக் கைகூடவில்லை. அதனால் ஹாலிவுட்டில் ஒரே கதையை வேறு மொழி நடிகர்களை வைத்து மறுபடி எடுத்தார்கள். யுனிவர்சல் ஸ்டுடியோவில் பகலில் டிராகுலாவாக நடித்த பெலா லுகோசியின் ஆங்கிலக் குழு, இரவில் அதே அரங்கில் ஸ்பானிஷ் குழு. ஸ்பானிஷ் பிரதியின் இயக்குநர் ஜார்ஜ் மெல்ஃபோர்டுக்கு ஸ்பானிஷே தெரியாது! ஆனாலும் கேமரா நகர்வில் இந்தப் பிரதிதான் மேல் என்பது என் கட்சி. நீளமும் சுமார் அரை மணி நேரம் கூடுதல்.

நீங்கள் கேட்ட நடிகை லுபிதா தோவார். மெக்சிகோவின் வாஹாகா மாநிலத்தில் 1910-ல் பிறந்தவர். ஆங்கிலப் பிரதியில் மீனா என்று வரும் கதாபாத்திரம்தான் இதில் ஏவா, அந்த வேடம் இவருக்கு. ரத்தக்காட்டேரியின் பிடியில் சிக்கிய பிறகு அவர் கண்ணிலும் சிரிப்பிலும் வரும் மாற்றத்தைக் கவனியுங்கள், ஆங்கிலப் பிரதியில் அந்தத் துணிச்சல் கிடையாது.

அப்புறம் மெக்சிகோ திரும்பி 'சாந்தா'வில் (1932) நடித்தார். அந்நாட்டின் ஆரம்பகாலப் பேசும்படங்களில் முக்கியமானது அது. ஏமாற்றப்பட்ட கிராமத்துப் பெண்ணாக வருவார். அதே ஆண்டு, ஸ்பானிஷ் 'டிராகுலா'வின் தயாரிப்பாளர் பால் கோனரை மணந்தார். பிறகு படங்கள் குறைந்துவிட்டன. 2016-ல், 106 வயதில் காலமானார்.

நீங்கள் எழுதும் கட்டுரைக்கு 'சாந்தா'வையும் பார்த்துவிடுங்கள். 'டிராகுலா'வை மட்டும் வைத்து எழுதினால் அவரை ஹாலிவுட் நடிகையாகவே காட்டிவிடுவீர்கள்.