எண்ணும் இணைப்பும்: ஆய்வாளர் கேள்வி-பதில்

இந்த மாதம் வந்த கேள்விகள் ஏறத்தாழ எல்லாமே வலையமைப்புப் பகுப்பாய்வைப் பற்றியவை. ஆராயும் பொருள்களைக் கணுக்களாகவும், அவற்றுக்கு நடுவே உள்ள உறவை இணைப்புகளாகவும் எழுதிக்கொண்டு கணக்குப் போடும் முறை அது. ரயில், மரபணு, நட்பு, நோய் என்று பொருள் மாறினாலும் சறுக்கும் இடங்கள் பெரும்பாலும் ஒன்றுதான். அதனால் சேர்த்தே பதில் சொல்கிறோம்.

கேள்வி: தொடக்கக் கல்லூரி ஆய்வுத் திட்டத்துக்காக சிங்கப்பூர் எம்ஆர்டி ரயில் நிலையங்களை நெட்வொர்க்எக்ஸ் என்ற பைத்தான் நிரல்தொகுப்பில் வலையமைப்பாக அமைத்தேன். நிலப் போக்குவரத்து ஆணையத்தின் பயணத் தரவை இணைப்புகளின் எடையாகக் கொடுத்து ‘பிட்வீன்னஸ்’ (எத்தனை குறுகிய வழிகள் ஒரு நிலையத்தின் ஊடாகப் போகின்றன என்ற அளவு) கணக்கிட்டால், கூட்டமே இல்லாத நிலையங்கள் முதலிடத்துக்கு வருகின்றன. எங்கே தவறு?
— மாணவி, செங்காங்

பதில்: தவறு எடையில் இருக்கிறது. இந்தக் கணக்கில் நெட்வொர்க்எக்ஸ் எடையைத் தூரமாக எடுத்துக்கொள்ளும். 50,000 பேர் போகும் இணைப்பு அதற்கு 50,000 அலகு நீளமான வழி. அதனால் கூட்டமுள்ள இடங்களைத் தவிர்த்து, ஆளில்லாத இடங்கள் வழியாகவே ‘குறுக்குவழி’ தேடும். எடையாக இரண்டு நிலையங்களுக்கு இடையே ரயில் ஓடும் நிமிடங்களைக் கொடுங்கள்.

பயணத் தரவை வேறு விதமாகப் பயன்படுத்த வேண்டும். அது பயணி எங்கே அட்டையைத் தட்டி நுழைந்தார், எங்கே தட்டி வெளியேறினார் என்பதை மட்டும் சொல்கிறது. எந்த வழியாகப் போனார் என்பது அதில் இல்லை. ஜூரோங் ஈஸ்ட்டிலிருந்து பீஷானுக்கு உட்லண்ட்ஸ் வழியாகச் சுற்றியும் வரலாம், புவன விஸ்தாவில் வட்டப் பாதைக்கு மாறியும் வரலாம். ஆகவே ஒவ்வொரு புறப்பாடு-சேரிட ஜோடிக்கும் குறைந்த நேர வழியைக் கண்டுபிடித்து, அந்த ஜோடியின் பயணிகளை அவ்வழியில் உள்ள எல்லா நிலையங்களிலும் கூட்டிக்கொண்டே போங்கள். இரண்டு வழிகளுக்கு இடையே ஓரிரு நிமிட வித்தியாசம்தான் என்றால் பயணிகளைப் பிரித்துக் கொடுங்கள். எப்படிப் பிரித்தீர்கள் என்பதை அறிக்கையில் எழுதுங்கள்.

தரவில் இரண்டு பொறிகள் உண்டு. அதிலுள்ள எண் மாத மொத்தம். வார நாள்கள் தனியாக, வார இறுதியும் பொது விடுமுறையும் தனியாக இருக்கும். அந்த மாதத்தில் அவை எத்தனை நாள்கள் என்று எண்ணி வகுக்காவிட்டால், பிப்ரவரியில் பயணிகள் குறைந்துவிட்டதாக ஒரு ‘கண்டுபிடிப்பு’ வரும். அடுத்து, மாறும் நிலையங்களின் குறியீடுகள் ஒன்றாகச் சேர்த்து எழுதப்பட்டிருக்கும். அதைத் தனி நிலையமாக நிரல் எடுத்துக்கொண்டால் வலையமைப்பு துண்டுதுண்டாகிவிடும்.

இனி முக்கியமான விஷயம். டோபி காட்டை ஒரே கணுவாக வைத்தால் பாதை மாறுவதற்கு நேரமே ஆகாது என்று சொல்வதாக அர்த்தம். வடக்கு-தெற்கு, வடகிழக்கு, வட்டப் பாதை மூன்றுக்கும் மூன்று நடைமேடைக் கணுக்கள் வைத்து, அவற்றுக்கு இடையே நடக்கும் நிமிடங்களை நீங்களே அளந்து இணைப்பாகப் போடுங்கள். அதோடு அடுத்த ரயிலுக்குக் காத்திருக்கும் நேரத்தையும் சேருங்கள்: நான்கு நிமிடத்துக்கு ஒரு ரயில் சீராக வந்தால் சராசரிக் காத்திருப்பு இரண்டு நிமிடம். பயணி நுழையும் வாயிலுக்கும் ஒரு கணு தேவை. இங்கேதான் பலர் மாட்டிக்கொள்கிறார்கள். வாயிலையும் நடைமேடைகளையும் இருதிசை இணைப்பாகப் போட்டு அதற்குப் பூஜ்ய நிமிடம் கொடுத்தால், நிரல் நடைமேடையிலிருந்து வாயிலுக்கு வந்து அடுத்த நடைமேடைக்குத் தாவி, பாதை மாறும் நேரத்தை ஏய்த்துவிடும். நுழைவாயிலையும் வெளிவாயிலையும் தனித்தனிக் கணுக்களாக்குங்கள். நுழைவாயிலிலிருந்து நடைமேடைக்கும், நடைமேடையிலிருந்து வெளிவாயிலுக்கும் ஒருதிசை இணைப்பு மட்டும் போடுங்கள்.

ஒரே ரயில் பாதையில் உள்ள எல்லா நிலையங்களையும் ஒன்றோடொன்று இணைக்கும் இன்னொரு முறையும் உண்டு. எத்தனை முறை ரயில் மாற வேண்டும் என்பதை அறிய அது நல்லது. ஆனால் பொங்கோல் கோஸ்ட் நிலையம் சேர்ந்த பிறகு 17 நிலையங்கள் கொண்ட வடகிழக்குப் பாதை, இந்த முறையில் 16 இணைப்புகளுக்குப் பதில் 136 இணைப்புகளாக மாறுகிறது. எங்கு பார்த்தாலும் முக்கோணங்கள். “எம்ஆர்டி ஒரு சிறு உலக வலையமைப்பு (சில தாவல்களில் எங்கும் போகலாம்), கொத்துத்தன்மை (அண்டைக் கணுக்கள் தங்களுக்குள்ளும் இணைந்திருக்கும் அளவு) மிக அதிகம்” என்று அதை வைத்து எழுதாதீர்கள். அந்தக் கொத்துத்தன்மை நீங்கள் கோடு போட்ட விதத்தால் வந்தது, சிங்கப்பூரால் வந்ததல்ல.

கடைசியாக எல்லை. உட்லண்ட்ஸ் நார்த் ஒரு முனை நிலையம் என்பதால் அதன் பிட்வீன்னஸ் பூஜ்யம். ஜோகூர் பாருவின் புக்கிட் சாகாருக்குச் செல்லும் ஆர்டிஎஸ் இணைப்பைச் சேர்த்தால் அந்த எண் தலைகீழாகும். எங்கே வெட்டினீர்கள் என்பதை அட்டவணைக்கு மேலேயே சொல்லிவிடுங்கள்.

கேள்வி: 20 மாதிரிகளில் 5,000 மரபணுக்களின் வெளிப்பாட்டை (எவ்வளவு செயல்படுகின்றன என்பதை) அளந்து, ஒட்டுறவுக் கெழு (இரண்டும் சேர்ந்து மாறும் அளவு) 0.7-ஐத் தாண்டிய இணைகளை இணைத்தேன். ஆயிரக்கணக்கில் இணைப்புகள் வருகின்றன. இதை நம்பலாமா?
— ஆய்வு உதவியாளர், புவன விஸ்தா

பதில்: முதலில் ஒன்றுமே இல்லாத நிலையில் எத்தனை வரும் என்று பாருங்கள். 5,000 மரபணுக்களில் 12,497,500 இணைகள் உள்ளன. 20 மாதிரிகளில், தொடர்பே இல்லாத இரண்டு மரபணுக்கள் 0.7-ஐத் தாண்டிய கெழுவைக் காட்ட, நேர், எதிர் இரண்டையும் சேர்த்து, நிகழ்தகவு ஏறத்தாழ 0.0006. பெருக்கினால் தற்செயலாக மட்டுமே ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட இணைப்புகள். உங்கள் ‘ஆயிரக்கணக்கு’ எட்டாயிரம் என்றால் கையில் மிஞ்சுவது மிகக் குறைவு. இரண்டு லட்சம் என்றால் கதை வேறு.

சூத்திரத்தை நம்பாமல் உங்கள் தரவிலேயே சோதியுங்கள். ஒவ்வொரு மரபணுவின் 20 மதிப்புகளையும் தனித்தனியாகக் கலைத்துப் போட்டு, மீண்டும் வலையமைப்பு அமைத்து, இணைப்புகளை எண்ணுங்கள். இதை நூறு முறையாவது செய்யுங்கள். எல்லா மரபணுக்களையும் ஒரே வரிசையில் கலைத்தால் எதுவும் மாறாது. இது அடிக்கடி நடக்கும் பிழை.

ஆனால் இந்தச் சோதனையில் தேறிய இணைப்பும் பொய்யாக இருக்கலாம். பத்து மாதிரிகளை ஒரு தொகுப்பாகவும் மீதியை இரண்டு மாதம் கழித்தும் ஆய்வகக் கருவியில் ஓட்டியிருந்தால், தொகுப்பு வித்தியாசம் ஆயிரக்கணக்கான மரபணுக்களைச் சேர்ந்தே மேலும் கீழும் நகர்த்தும். அதனால் வரும் ஒட்டுறவு உண்மைதான், ஆனால் அது உயிரியல் அல்ல. தொகுப்பின் விளைவை முதலில் நீக்குங்கள். கலைப்பதையும் அந்தந்தத் தொகுப்புக்குள்ளேயே செய்யுங்கள்.

வெட்டுப்புள்ளியும் ஒரு தொல்லை. 0.69 இல்லை, 0.71 உண்டு என்பதற்கு நியாயம் ஏது? டபிள்யூஜிசிஎன்ஏ (ஒட்டுறவிலிருந்து எடையுள்ள மரபணு வலையமைப்பு அமைக்கும்) முறை வெட்டுவதற்குப் பதில் கெழுவை அடுக்குக்கு உயர்த்துகிறது: 6-ஆம் அடுக்கில் 0.9 என்பது 0.53 ஆகும், 0.7 என்பது 0.12 ஆகும். 15 மாதிரிகளுக்குக் கீழே அதைப் பயன்படுத்த வேண்டாம் என்று அதை உருவாக்கியவர்களே சொல்கிறார்கள். நீங்கள் எல்லைக்குச் சற்று மேலேதான் இருக்கிறீர்கள். பகுதி ஒட்டுறவு (மற்ற மரபணுக்களின் தாக்கத்தைக் கழித்த ஒட்டுறவு) எடுத்து மறைமுகத் தொடர்புகளை நீக்கலாம் என்று யாராவது சொன்னால், அதற்கு வேண்டிய கணக்கை, அதாவது 5,000 மாறிகளின் ஒட்டுறவு அணியை நேர்மாறாக்குவதை, 20 மாதிரிகளில் செய்ய முடியாது என்பதை நினைவில் வையுங்கள். அதற்கு மதிப்பீடுகளைப் பூஜ்யத்தை நோக்கிச் சுருக்கும் முறைகள் வேண்டும். அவற்றுக்கும் 20 மிகக் குறைவு. இதற்குச் செலவாகும் பணத்தை இன்னும் பத்து மாதிரிகளுக்குச் செலவிடுங்கள் என்பதே எங்கள் ஆலோசனை.

கேள்வி: கெஃபி என்ற வலையமைப்பு வரையும் மென்பொருளில் வரைந்த படத்தில் ஒரு கணு நடுவில் இருக்கிறது. அது முக்கியமானது என்று எழுதலாமா?
— பீடோக் வாசகர்

பதில்: கூடாது. படம் வரையும் அந்த முறை கணுக்களைத் தள்ளியும் இழுத்தும் ஒரு சமநிலையில் நிறுத்துகிறது. மீண்டும் ஓட்டினால் படம் சுழலும், சில கணுக்கள் இடம் மாறும். முக்கியத்துவத்தை எண்ணால் காட்டிவிட்டு, படத்தைத் துணைக்கு வையுங்கள்.

கேள்வி: மூத்தோர் நிலையம் ஒன்றில் 60 பேரிடம் “நெருங்கிய ஐந்து நண்பர்கள் யார்” என்று கேட்டேன். 45 பேர் பதில் சொன்னார்கள். நண்பர் எண்ணிக்கைக்கும் தனிமை உணர்வுக்கும் தொடர்பு பார்க்கலாமா?
— சமூகப் பணி மாணவர், ஈசூன்

பதில்: ஐந்து என்று நீங்களே கூரை போட்டுவிட்டீர்கள். பன்னிரண்டு நண்பர்கள் உள்ளவரும் ஐந்துதான் சொல்வார். ஆகவே அவர் சொன்ன எண்ணிக்கையைவிட, அவரை எத்தனை பேர் சொன்னார்கள் என்பதே பயன்படும்.

விடுபட்டதைக் கணக்கிடுங்கள். 60 பேரில் 1,770 இணைகள். இருவரும் பதில் சொன்னவை 990, ஒருவர் மட்டும் சொன்னவை 675, இருவருமே சொல்லாதவை 105. முக்கால்வாசிப் பேர் பதில் சொல்லியும், இருபக்கமும் உறுதியானது 56 விழுக்காடுதான். பதில் சொல்லாத 15 பேர்தான் ஒருவேளை மிகத் தனிமையானவர்களாக இருக்கலாம். அப்படியிருந்தால் நீங்கள் தேடுவதே தரவுக்கு வெளியே நிற்கிறது. அவர்களில் சிலரையாவது நேரில் பார்த்துப் பேசுங்கள்.

வழக்கமான தொடர்புப் போக்குக் கணக்கு இங்கே பொருந்தாது. ஒருவரின் நட்பு இன்னொருவரின் நட்போடு பின்னிக் கிடப்பதால் தரவுகள் ஒன்றையொன்று சாராதவை அல்ல. ஆட்களின் தனிமை மதிப்பெண்களை மட்டும் கணுக்களுக்கு இடையே கலைத்துப் போட்டு, வலையமைப்பை அப்படியே விட்டு ஒப்பிடுங்கள். இரண்டு வலையமைப்புகளை ஒப்பிடுவதாக இருந்தால் வலையமைப்பு அட்டவணையின் வரிசைகளையும் நெடுவரிசைகளையும் ஒரே ஒழுங்கில் சேர்த்தே கலைக்க வேண்டும். பெயர்களை நீக்கிவிட்டாலும், பதினொரு பேர் குறிப்பிட்ட ஒருவர் யார் என்பது அந்த நிலையத்தில் எல்லாருக்கும் தெரியும். படத்தை வெளியிடாதீர்கள்.

கேள்வி: கணுக்களின் இணைப்பு எண்ணிக்கைப் பரவலை லாக்-லாக் தாளில் (இரு அச்சுகளும் மடக்கையில்) வரைந்தேன். நேர்கோடு, ஆர்-ஸ்குவேர் (கோடு பொருந்தும் அளவு) 0.95. அடுக்கு விதி (மிகச் சில கணுக்களுக்கு மட்டும் மிக அதிக இணைப்புகள் இருக்கும் பரவல்) என்று சொல்லலாமா?
— ஜூரோங் வாசகர்

பதில்: அந்த 0.95 எதையும் நிரூபிக்காது. லாக்-நார்மல் பரவலும் (மடக்கை எடுத்தால் மணி வடிவம் பெறுவது) அந்தத் தாளில் ஏறத்தாழ நேராகத் தெரியலாம். கிளாசெட், ஷாலிசி, நியூமன் மூவரும் 2009-இல் வெளியிட்ட முறையைப் பின்பற்றுங்கள்: வால் (அதிக இணைப்புள்ள கணுக்களின் பகுதி) எங்கே தொடங்குகிறது என்று தேர்ந்து, அடுக்கைப் பெருமச் சாத்திய முறையில் (தரவுக்கு மிகப் பொருந்தும் மதிப்பைத் தேடி) மதிப்பிட்டு, 2,500 செயற்கைத் தரவுகளோடு ஒப்பிட்டு, பிறகு லாக்-நார்மலோடு மோதவிடுங்கள். வாலில் முப்பது கணுக்கள்தான் என்றால் அந்தக் கூற்றையே விட்டுவிடுங்கள். 2019-இல் ஏறத்தாழ ஆயிரம் வலையமைப்புகளைச் சோதித்ததில் 4 விழுக்காட்டில்தான் வலுவான சான்று கிடைத்தது.

கேள்வி: ஒரு நோயாளி சராசரியாக எத்தனை பேருக்கு நோயைப் பரப்புகிறார் என்று காட்டும் ‘ஆர்’ எண் 1.6 என்றால் ஒவ்வொரு நோயாளியும் ஒன்றிரண்டு பேருக்குப் பரப்புகிறார் என்றுதானே பொருள்? என் உருவகப்படுத்தலில் அப்படித்தான் வைத்திருக்கிறேன்.
— தாதிமைத் துறை மாணவி, தோ பாயோ

பதில்: சராசரி அது, யாருக்கும் அப்படி நடக்க வேண்டியதில்லை. 2003-இல் சிங்கப்பூரில் 238 பேரைத் தாக்கி 33 உயிர்களைப் பறித்த சார்ஸ் இதைக் கற்றுக்கொடுத்தது. அந்தத் தொடர்புத் தடமறிதல் தரவை வைத்து 2005-இல் வெளியான மதிப்பீட்டில் சராசரி 1.63, பரவல் சீரின்மையைக் காட்டும் ‘கே’ எண் 0.16. ‘கே’ சிறியதாக ஆக, மிகச் சிலரே பலருக்குப் பரப்புகிறார்கள்.

‘கே’ எண்ணையும் கணக்கில் கொள்ளும் எதிர்மறை ஈருறுப்புப் பரவலில் இந்த எண்களைப் போட்டால், 68 விழுக்காடு நோயாளிகள் ஒருவருக்குக்கூடப் பரப்பவில்லை என்று வருகிறது. உங்கள் முறைக்கு நெருக்கமான, எல்லாரும் ஒரே சராசரியில் பரப்புவதாகக் கொள்ளும் பாய்சான் பரவலில் அது 20 விழுக்காடுதான். ஒரே ஒரு நோயாளி உள்ளே வந்தால் சங்கிலி தானாகவே அறுந்துபோகும் வாய்ப்பு பாய்சானில் 34 விழுக்காடு, சார்ஸ் எண்களில் 88 விழுக்காடு. சராசரி ஒன்றே, ஊரின் தலையெழுத்து வேறு.

ஆகவே குறைந்தது ஆயிரம் முறை ஓட்டுங்கள். அணைந்துபோன ஓட்டங்களையும் பெரிதாகப் பரவியவற்றையும் சேர்த்துச் சராசரி எடுக்காதீர்கள். எத்தனை அணைந்தன என்பதைத் தனியாகவும், அணையாதவை எவ்வளவு பெரிதாயின என்பதைத் தனியாகவும் எழுதுங்கள். இருபது நோயாளிகளின் பதிவிலிருந்து ‘கே’ எண்ணை மதிப்பிடும்போது, பலருக்குப் பரப்பிய அந்த ஒருவர் மாதிரியில் சிக்கியிருக்கிறாரா இல்லையா என்பதே விடையை மாற்றிவிடும். 238 பேரைத் தாக்கிய நோயின் மதிப்பீட்டிலேயே ‘கே’ 0.11 முதல் 0.64 வரை இருக்கலாம் என்றுதான் இடைவெளி கொடுத்தார்கள். உங்கள் அட்டவணையிலும் அந்த இடைவெளிக்கு ஒரு பத்தி ஒதுக்குங்கள்.